மேபல் வீட்டுக்கு வந்த நாள்

ஜீனா ரோலண்ட்ஸ் 2024 ஆகஸ்டு 14ஆம் தேதி கலிஃபோர்னியாவின் இந்தியன் வெல்ஸ் நகரில் இறந்தார். வயது 94. மறுநாள் என் கைப்பேசிக்கு வந்த செய்திகளில் பெரும்பாலானவற்றின் தலைப்பு ஒன்றுதான்: 'தி நோட்புக்' பட நடிகை மறைந்தார். நண்பர் ஒருவர் அந்தப் படத்தின் கடைசிப் பகுதியை வாட்ஸ்அப்பில் அனுப்பி, "இந்தப் பாட்டி போயிட்டாங்களாம்" என்று எழுதியிருந்தார். கூடவே ஓர் அழும் முகம்.

எனக்குக் கோபம் வந்தது. ஐம்பதாண்டுகளுக்கு மேல் நடித்த ஒருவரை, எழுபது வயதைத் தாண்டிய பிறகு ஒரு கண்ணீர்க் காதல் கதையில் ஏற்ற துணைப் பாத்திரத்துக்குள் அடக்கிவிடுவதா என்று நீண்ட பதில் எழுதத் தொடங்கினேன். பாதியிலேயே அழித்துவிட்டேன். அந்தப் பதிலை எழுதும் தகுதி எனக்கில்லை. அவரை 'ஓவர் ஆக்டிங்' என்று பத்துப் பேர் முன்னால் சொன்னவன் நான்.

அது 2012இல் நடந்தது. பெட்டாலிங் ஜெயாவில் ஒரு நண்பரின் அடுக்குமாடி வீட்டில் மாதம் ஒருமுறை படம் பார்ப்போம். அந்த மாதம் ஜான் கசவெட்டிஸ் இயக்கிய 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்'. 1974இல் வந்த படம், ஏறத்தாழ இரண்டரை மணி நேரம். முடிந்து விளக்கைப் போட்டபோது நாலைந்து பேர் தூங்கியிருந்தார்கள். மற்றவர்கள் யாராவது முதலில் பேசட்டும் என்று காத்திருந்தார்கள். நான் பேசினேன். இந்தப் பெண் முகத்தைக் கோணுகிறார், கட்டை விரலை ஆட்டுகிறார், உதட்டைக் குவித்து 'ப்ப்ர்' என்று ஒலி எழுப்புகிறார். இதெல்லாம் நடிப்புப் பள்ளி மாணவர்கள் பைத்தியம் வேஷம் கட்டும்போது செய்வது என்றேன். கசவெட்டிஸ் மனைவியின் முன்னால் கேமராவை வைத்துவிட்டு 'என்ன வேண்டுமானாலும் செய்' என்று விட்டுவிட்டார் என்றும் சேர்த்துக்கொண்டேன். எல்லாரும் சிரித்தார்கள். நல்ல விமர்சனம் சொல்லிவிட்ட திருப்தியோடு மைலோ குடித்தேன்.

அன்று நான் சொன்ன ஒவ்வொன்றும் தவறு என்று இப்போது நினைக்கிறேன். அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை. கொஞ்சம் சுற்றித்தான் வரவேண்டியிருக்கும்.

ரோலண்ட்ஸ் 1930 ஜூன் 19இல் விஸ்கான்சின் மாநிலத்தில் பிறந்தார். அப்பா வங்கியாளர், மாநில சட்டமன்றத்திலும் இருந்தவர். வசதியான குடும்பம். விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் சேர்ந்து, பிறகு நடிப்புதான் வேண்டுமென்று நியூயார்க்கின் அமெரிக்கன் அகாடெமி ஆஃப் டிராமாட்டிக் ஆர்ட்ஸுக்குப் போனார். கசவெட்டிஸும் அதே பள்ளியில் படித்தவர்தான். 1954இல் திருமணம். 1956இல் பிராட்வேயில் பேடி சயெஃப்ஸ்கி எழுதிய 'மிடில் ஆஃப் தி நைட்' நாடகத்தில் எட்வர்ட் ஜி. ராபின்சனுக்கு இணையாக நடித்தார். அதன் வழியாக ஹாலிவுட் வந்தது. 1958இல் முதல் படம். பொன்னிறக் கூந்தல், உயர்ந்த கன்ன எலும்பு, கனத்த கீழ்க்குரல். ஸ்டூடியோக்கள் வழக்கமாக ஒரு பெண்ணைப் பொம்மையாக்கத் தேவையான எல்லாமே அவரிடம் இருந்தன. பொம்மையாகாமல் போனதற்கு அவருடைய பிடிவாதம் பாதிக் காரணம். கணவரின் பிடிவாதம் மறுபாதி.

இங்கே நம் வாசகர்களுக்கு ஒன்றைச் சொல்ல வேண்டும். கசவெட்டிஸ் என்றவுடன் 'சுயாதீன சினிமாவின் தந்தை' என்று ஆரம்பித்துவிடுகிறோம். தந்தை என்றால் தாய் யார் என்று யாரும் கேட்பதில்லை. இந்தத் தம்பதியின் படங்கள் எப்படி உருவாயின என்று பார்த்தால் காசுக்கணக்குதான் முதலில் வரும். இருவரும் மற்றவர்களின் படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்துச் சம்பாதிப்பார்கள். அந்தப் பணத்தில் தங்கள் படத்தை எடுப்பார்கள். சொந்த வீட்டிலேயே படப்பிடிப்பு. 1968இல் வந்த 'ஃபேசஸ்' படத்தின் பெரும்பகுதி அப்படித்தான் எடுக்கப்பட்டது. அம்மா, மாமியார், நண்பர்கள் எல்லாரும் நடிகர்கள். ரோலண்ட்ஸ் தொலைக்காட்சியில் துப்பறியும் தொடர்களிலும் 'பேட்டன் பிளேஸ்' போன்ற நெடுந்தொடரிலும் நடித்ததை அவருடைய ரசிகர்கள் சங்கடத்தோடு கடந்துவிடுகிறார்கள். எனக்கு அதில் சங்கடம் ஒன்றுமில்லை. அந்தச் சம்பளத்தில்தான் அடுப்பு எரிந்தது, படமும் ஓடியது.

'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்' முதலில் மேடை நாடகமாகத்தான் எழுதப்பட்டது. தனக்கொரு நல்ல பாத்திரம் வேண்டுமென்று ரோலண்ட்ஸ் கேட்க, கசவெட்டிஸ் எழுதினார். படித்துவிட்டு, இதை வாரம் முழுக்க ஒவ்வொரு இரவும் மேடையில் செய்ய மனித உடம்பால் முடியாது என்று சொல்லிவிட்டார் ரோலண்ட்ஸ். அதனால்தான் அது சினிமாவானது. எந்த ஸ்டூடியோவும் பணம் தரவில்லை. நடுத்தர வயதுப் பைத்தியக்காரியை யார் காசு கொடுத்துப் பார்ப்பார்கள் என்பதுதான் அவர்களுடைய கேள்வி. வீட்டை அடமானம் வைத்தார்கள். உடன் நடித்த பீட்டர் ஃபாக், 'கொலம்போ' தொடரில் சம்பாதித்த பணத்திலிருந்து ஐந்து லட்சம் டாலர் போட்டார். குழுவில் பலர் அமெரிக்கத் திரைப்படக் கழகத்தின் மாணவர்கள். எடுத்து முடித்த பிறகு வெளியிடவும் ஆளில்லை. அதையும் தாங்களே செய்தார்கள். இரண்டு ஆஸ்கர் பரிந்துரைகள் கிடைத்தன, இயக்கத்துக்கு ஒன்று, நடிகைக்கு ஒன்று. இரண்டும் விருதாகவில்லை. அந்த ஆண்டு நடிகை விருது எலன் பர்ஸ்டினுக்குப் போனது.

முதலில் என் 'என்ன வேண்டுமானாலும் செய்' வாதத்தைக் கழித்துவிடுகிறேன். கசவெட்டிஸ் படங்கள் எல்லாம் அந்தந்த நேரத்தில் தோன்றியதைப் பேசி எடுத்தவை என்ற நம்பிக்கை அவருடைய முதல் படமான 'ஷேடோஸ்' முடிவில் வரும் அறிவிப்பிலிருந்து வந்தது. அதற்குப் பிறகான படங்கள் எழுதப்பட்டவை. மேபல் திக்கித் திணறி, வார்த்தை கிடைக்காமல் கையால் காற்றைக் கிழிக்கும் இடங்கள் உட்பட, வசனம் காகிதத்தில் இருந்தது. நடிகருக்கு விடப்பட்டது உடம்பு மட்டும்தான். தரையில் சுண்ணாம்புக் குறி கிடையாது, எங்கே நிற்க வேண்டும் என்று யாரும் சொல்வதில்லை. கேமராதான் அவர்களைத் தேடிக்கொண்டு போகும். சில இடங்களில் குவியம் தவறும். மேபல் எப்படிப்பட்டவள் என்று ரோலண்ட்ஸ் கேட்டபோது கணவர் விளக்கம் சொல்ல மறுத்துவிட்டதாக ரோலண்ட்ஸே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். ஆகவே நாம் திரையில் பார்ப்பது, எழுதப்பட்ட ஒரு பிரதியை ஒரு நடிகை தனியாக உட்கார்ந்து வாசித்த வாசிப்பு.

அந்த வாசிப்பின் நுட்பத்தைச் சொல்ல ஒரு காட்சி போதும். நிக் லொங்கெட்டி நகராட்சிக் கட்டுமானப் பணியாளர்களின் மேற்பார்வையாளர். அன்றிரவு மனைவியோடு தனியாக இருப்பதாக வாக்குக் கொடுத்திருக்கிறார். பிள்ளைகள் மூவரையும் பாட்டி வீட்டுக்கு அனுப்பியாயிற்று. தண்ணீர்க் குழாய் உடைந்துவிடுகிறது, நிக் வரவில்லை. மேபல் மதுக்கடைக்குப் போய் முன்பின் தெரியாத ஓர் ஆளோடு வீடு திரும்புகிறாள். மறுநாள் காலை நிக், இரவெல்லாம் சேற்றில் வேலை செய்த பத்துப் பன்னிரண்டு ஆட்களை அப்படியே வீட்டுக்குக் கூட்டி வருகிறார். மேபல் எல்லாருக்கும் ஸ்பகெட்டி சமைக்கிறாள்.

நீண்ட மேசை. ஆண்கள் குனிந்து சாப்பிடுகிறார்கள். மேபல் ஒவ்வொருவராகப் பெயர் கேட்கிறாள். சிலரை அவளுக்கு ஏற்கெனவே தெரியும், ஆனாலும் கேட்கிறாள். வீட்டுக்காரம்மா அப்படித்தான் செய்ய வேண்டும் என்று எங்கோ கற்றிருக்கிறாள். ஒருவர் ஒப்பெரா பாடத் தொடங்குகிறார். மேபல் எழுந்து போய் அவர் முகத்தருகே முகத்தை வைத்து, அந்தக் குரல் எங்கிருந்து வருகிறது என்று பார்ப்பவளைப் போல உற்றுப் பார்க்கிறாள். அதுவரை எல்லாம் சரி. மேசையில் ஒரு சந்தோஷம் படிகிறது. அடுத்து இன்னொருவரை, கூச்ச சுபாவமுள்ள ஓர் இளைஞரை, ஆடக் கூப்பிடுகிறாள். அவர் நெளிகிறார். மேபல் விடவில்லை. அவருடைய முகம் அழகாயிருக்கிறது என்கிறாள். நிக் கத்துகிறார்: உட்கார்.

அந்த ஒரு சத்தத்தில் மேசை செத்துப்போகிறது. ஆட்கள் ஒவ்வொருவராகத் தட்டை விட்டு எழுந்து கிளம்புகிறார்கள். இப்போது ரோலண்ட்ஸின் முகத்தைப் பாருங்கள். அழவில்லை, கோபப்படவும் இல்லை. தான் எந்த இடத்தில் கோட்டைத் தாண்டினோம் என்று கணக்குப் பார்க்கும் முகம் அது. பாட்டுக்காரரின் முகத்தருகே போனது சரி, இளைஞரைத் தொட்டது தப்பு. இரண்டுக்கும் நடுவே எங்கோ ஒரு கோடு இருக்கிறது, மற்ற எல்லாருக்கும் அது தெரிகிறது, எனக்கு மட்டும் ஏன் தெரியவில்லை? பைத்தியத்தைப் பற்றி நான் பார்த்த படங்களில் இந்தக் கேள்வியைக் கேட்ட முகம் வேறில்லை. கலைந்த தலைமுடியும் வெறித்த சிரிப்புமாகப் பைத்தியத்தைப் பார்த்துப் பழகிய என் கண்ணுக்கு 2012இல் இது தெரியவில்லை.

என் தரப்புக்கு அன்று பலமாக நின்றவர் பாலின் கேல். 'தி நியூயார்க்கர்' இதழில் இந்தப் படத்தைக் கடுமையாக எழுதியவர். ஆர். டி. லேய்ங் என்ற ஸ்காட்லாந்து மனநல மருத்துவரின் கருத்துகளுக்கு எடுத்துக்காட்டாகப் படம் செய்யப்பட்டிருக்கிறது என்பது அவருடைய வாதம். குடும்பம்தான் நோய், பைத்தியமாகிறவர் அதன் பலியாடு என்ற அந்தப் பார்வை எழுபதுகளில் பெரிய மோஸ்தர். ரோலண்ட்ஸ் அளவுக்கு மீறி நடிக்கிறார், ஒரு பாத்திரத்துக்குள் பல பாத்திரங்களுக்கான நடிப்பைத் திணிக்கிறார் என்பது அவருடைய இன்னொரு குற்றச்சாட்டு.

கேல் சொன்னதில் பாதி சரிதான். படத்தில் வரும் டாக்டர் வெறும் மரப்பொம்மை, ஊசி போட வந்தவர். மேபல் விரல்களைச் சிலுவையாகக் கோத்து, பேயை விரட்டுவதுபோல அவரைத் தடுக்கும் காட்சி இன்றும் எனக்குக் கொஞ்சம் அதிகமாகத்தான் படுகிறது. ஆனால் 'அளவுக்கு மீறிய நடிப்பு' என்ற இடத்தில் கேல் ஒன்றைத் தவறவிடுகிறார். மேபல் ஒரு நடிகை. மேடை கிடைக்காத நடிகை. நான் எப்படி இருக்கணும் சொல்லு, அப்படி இருக்கேன், எதுவாக வேண்டுமானாலும் இருப்பேன் என்று கணவரிடம் கேட்கிறவள். நல்ல அம்மா, நல்ல வீட்டுக்காரி, சுவாரசியமான பெண் என்று ஒன்றன்பின் ஒன்றாக வேஷம் போட்டுப் பார்க்கிறாள், எதுவும் பொருந்தவில்லை. கேல் பார்த்த அந்தப் பல நடிப்புகளும் மேபலுடையவை. மோசமாக நடிக்கும் ஒரு பெண்ணை நுட்பமாக நடித்துக் காட்டுவதற்குக் கை எவ்வளவு கட்டுப்பாட்டில் இருக்க வேண்டும்!

அந்தக் கட்டுப்பாட்டில் சந்தேகம் இருப்பவர்கள் வுடி ஆலனின் 'அனதர் வுமன்' பார்க்கலாம். 1988இல் வந்தது. மெய்யியல் பேராசிரியை. புத்தகம் எழுத வாடகைக்கு எடுத்த அறையின் காற்றுத் துவாரம் வழியாக, பக்கத்து அறையில் மனநல மருத்துவரிடம் ஒரு பெண் அழுவது கேட்கிறது. படம் முழுக்க ரோலண்ட்ஸின் முகம் ஒரு கோடு அசைவதில்லை. மேபலுடைய அதே கன்ன எலும்பு, அதே குரல். ஆனால் இந்தப் பெண் வாழ்நாள் முழுக்க எந்தக் கோட்டையும் தாண்டாதவள். தாண்டாததே அவளுடைய குற்றம். இரண்டு படங்களையும் அடுத்தடுத்த இரவுகளில் பார்த்தேன். 'ஓவர் ஆக்டிங்' என்ற சொல்லை வாபஸ் வாங்கியது அப்போதுதான்.

ஆனால் அதற்கு முன்பே வேறொன்று நடந்திருந்தது.

2017இல் என் சித்தி ஐந்து வாரம் மருத்துவமனையில் இருந்துவிட்டு வீடு திரும்பினார். என்ன நோய் என்று குடும்பத்தில் யாரும் பெயர் சொல்லவில்லை. 'உடம்பு சரியில்ல' என்பதோடு சரி. அவர் வரும் நாள் சனிக்கிழமை என்று தெரிந்ததும் வாட்ஸ்அப் குழுவில் ஏற்பாடு தொடங்கியது. யார் கோழி, யார் மீஹூன், யார் கேக். தாமான் வீட்டின் இரும்புக் கதவருகே முப்பது நாற்பது செருப்பு கிடந்தது. அம்மா வாசலில் நின்று ஒவ்வொருவரிடமும், "சாதாரணமா பேசுங்க, என்ன? ஒன்னுமே நடக்காத மாதிரி" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

சித்தி உள்ளே வந்தார். எல்லாரும் ஒரே நேரத்தில் சிரித்தோம். "மெலிஞ்சிட்டீங்க சித்தி", "முகம் தெளிவா இருக்கு", "முடி வெட்டிட்டீங்களா, நல்லாருக்கு." அவர் சோபாவின் நுனியில், பேருந்துக்குக் காத்திருப்பவரைப் போல உட்கார்ந்தார். யாரோ தட்டைக் கையில் கொடுத்தார்கள். சித்தி முன்பு பாட்டுப் பாடுவார், நன்றாகக் கிண்டல் செய்வார். அன்று ஒவ்வொரு கேள்விக்கும் ஒருகணம் யோசித்து, சரியான பதிலைத் தேர்ந்தெடுத்துச் சொன்னார். அதைப் பார்க்கச் சகிக்கவில்லை. மாமா ஒருவர், "பழைய மாதிரி ஒரு ஜோக் சொல்லுங்க அண்ணி" என்றார்.

கொஞ்ச நேரம் கழித்துச் சித்தி என் பக்கம் திரும்பினார். நான் போனைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "நீ படிச்ச பிள்ளை, நீ சொல்லு தம்பி. நான் அப்படி என்ன செஞ்சேன்?" என்றார்.

"ஒன்னுமில்ல சித்தி, சாப்பிடுங்க" என்றேன்.

அன்று இரவு கார் ஓட்டிக்கொண்டு திரும்பும்போது, ஐந்தாண்டுகளுக்கு முன் பார்த்துச் சிரித்த படத்தின் கடைசி முப்பது நாற்பது நிமிடங்கள் முழுசாக ஞாபகத்துக்கு வந்தன. மேபல் ஆறு மாதம் மருத்துவமனையில் இருந்துவிட்டு வீடு வரும் நாள். மழை. நிக் ஊரையே கூப்பிட்டிருக்கிறார், வீடு கொள்ளாத கூட்டம். அவருடைய அம்மாதான், மேபலை மருத்துவமனைக்கு அனுப்பச் சொல்லிக் கத்திய அதே மாமியார், இது சரியில்லை, இவர்களை அனுப்பு என்று சண்டை போட்டு எல்லாரையும் வெளியேற்றுகிறார். அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் கசவெட்டிஸின் சொந்த அம்மா கேத்தரின். மேபலின் அம்மாவாக வருபவர் ரோலண்ட்ஸின் சொந்த அம்மா. ஆக அந்தச் சாப்பாட்டு மேசையில் நிஜமான மாமியாரும் நிஜமான அம்மாவும் உட்கார்ந்திருக்க, ரோலண்ட்ஸ் அவர்களுக்கு நடுவே மேபலாக உட்கார்ந்திருக்கிறார்.

வீடு வந்த மேபலிடம் கட்டை விரல் இல்லை, 'ப்ப்ர்' இல்லை. குரல் தாழ்ந்துவிட்டது. பிள்ளைகளைப் பார்க்கப் பயப்படுகிறாள், பார்த்தால் உணர்ச்சிவசப்பட்டுவிடுவோமே என்று. முதல் பாதியில் நான் மிகை என்று சொன்ன அத்தனையும் இங்கே உருவப்பட்டுவிட்டது. அவை போன பிறகுதான் அவை என்னவாக இருந்தன என்று நமக்கே புரிகிறது. நிக்குக்கும் அப்போதுதான் புரிகிறது. மனைவியை மாடிப்படிக்குக் கூட்டிப்போய், நீ நீயாக இரு என்று கெஞ்சுகிறார். அந்தப் பழைய ஒலிகளை, அந்த விரலாட்டத்தைத் தானே செய்து காட்டி, இதைச் செய், செய் என்கிறார். எதற்காக அவளைப் பூட்டி வைக்க அனுப்பினாரோ அதையே திரும்பக் கேட்கிறார். அந்த மாமா ஜோக் கேட்டதும் இதுதான்.

பிறகு மேசையில் மேபல் தன் அப்பாவைப் பார்த்து, அப்பா, எனக்காக எழுந்து நிற்பீர்களா என்று கேட்கிறாள். எனக்காகப் பரிந்து பேசுங்கள் என்று பொருள். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொற்றொடர். அப்பா குழம்பிப்போய், நாற்காலியிலிருந்து எழுந்து நிற்கிறார். நல்ல மனிதர், மகள் கேட்டதைச் செய்கிறார். நான் கேட்டது அதில்லை என்கிறாள். அவருக்குக் கடைசிவரை புரிவதில்லை. 2012இல் அந்த இடத்தில் நாங்கள் எல்லாரும் சிரித்தோம். சிரிக்கத் தக்க இடம்தான் அது. அந்த மேசையில் நான் தேடிப் பார்த்தது மேபலை இல்லை, அப்பாவை. அவராவது எழுந்து நின்றார்.

சித்தி இப்போது நலமாக இருக்கிறார். இந்தக் கட்டுரையை எழுதப்போவதாகச் சொன்னபோது, "எழுதிக்கோ, என் பேரப் போடாத" என்றார்.

ரோலண்ட்ஸின் மற்ற படங்களைப் பற்றி முழுமையாக எழுத இங்கே இடமில்லை, பிடித்ததை மட்டும் சொல்கிறேன். 1977இல் வந்த 'ஓப்பனிங் நைட்', வயதாவதை ஒப்புக்கொள்ள மறுக்கும் மேடை நடிகை மெர்ட்டிலின் கதை. மழையில் கையெழுத்து வாங்க ஓடிவந்த இளம் ரசிகை காரில் அடிபட்டுச் சாகிறாள், மெர்ட்டில் உடைகிறாள். அரங்கேற்ற இரவில் நிற்கமுடியாத போதையில் வந்து, சுவரைப் பிடித்துக்கொண்டு தவழ்ந்து மேடை ஏறுகிறாள். அமெரிக்காவில் அதை வெளியிட ஆளே இல்லை. ஆனால் பெர்லின் விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. பெத்ரோ அல்மோதோவார் தன் 'ஆல் அபவுட் மை மதர்' படத்தில் அந்த மழை விபத்தைத் திரும்ப எடுத்தார். படத்தைக் காணிக்கையாக்கிய நடிகைகளில் ரோலண்ட்ஸும் ஒருவர்.

1980இன் 'குளோரியா' பொதுவாக எல்லாருக்கும் பிடிக்கும். விற்பதற்காகக் கசவெட்டிஸ் எழுதிய கதை. கடத்தல் கும்பல் ஆளின் முன்னாள் காதலி, உங்கரோ வடிவமைத்த உடைகளில், ஒரு கையில் துப்பாக்கியும் மறுகையில் பக்கத்து வீட்டுப் பிள்ளையுமாக நியூயார்க் முழுக்க ஓடுகிறாள். குழந்தைகளைப் பிடிக்காதவள். படம் முடியும்வரை 'எனக்குப் பிள்ளைகளைப் பிடிச்சுப்போச்சு' என்ற மாற்றத்தை ரோலண்ட்ஸ் சுலபமாகத் தருவதில்லை, அதுதான் அதில் அழகு. இரண்டாவது ஆஸ்கர் பரிந்துரை அதற்குத்தான். 1984இன் 'லவ் ஸ்ட்ரீம்ஸ்' எனக்கு இன்னும் நெருக்கம். விவாகரத்தான சாரா, தம்பியின் தனிமையைப் போக்குகிறேன் என்று குட்டிக் குதிரைகளையும் ஆட்டையும் வாத்தையும் டாக்ஸியில் ஏற்றிக்கொண்டு வருகிறாள். தம்பியாக நடிப்பவர் கசவெட்டிஸ், வீடு அவர்களுடைய சொந்த வீடு. ஒரு கனவில் நீச்சல்குளத்தருகே கணவரையும் மகளையும் சிரிக்கவைக்க, விளையாட்டுச் சாமான்களை ஒவ்வொன்றாக எடுத்து முயன்று பார்க்கிறாள். அவர்கள் சிரிப்பதில்லை. ஐந்தாண்டுகள் கழித்து, 1989 பிப்ரவரியில், ஈரல் நோயால் கசவெட்டிஸ் இறந்தார். வயது 59.

தொலைக்காட்சியை அவர் விடவில்லை. இன்னும் கேட்டால் மூன்று பிரைம்டைம் எம்மி விருதுகளும் தொலைக்காட்சிப் படங்களுக்குத்தான். முதலாவது 1987இல், குடியிலும் மாத்திரையிலும் சிக்கிய முன்னாள் அதிபரின் மனைவி பெட்டி ஃபோர்டாக நடித்ததற்கு. அதைவிட எனக்கு முக்கியம் 1985 நவம்பரில் என்பிசி ஒளிபரப்பிய 'ஆன் எர்லி ஃப்ரோஸ்ட்'. எய்ட்ஸ் என்ற சொல்லையே வீடுகளில் உச்சரிக்கத் தயங்கிய காலத்தில், அமெரிக்க வரவேற்பறைகளுக்குள் அந்த நோயைக் கொண்டுவந்த முதல் பெரிய தொலைக்காட்சிப் படம். வழக்கறிஞனான மகன் வீடு திரும்பித் தனக்கு அந்த நோய் இருப்பதைச் சொல்கிறான். கர்ப்பிணியான தங்கை அருகே வர மறுக்கிறாள். அவசர வண்டியில் வந்தவர்கள் அவனை ஏற்ற மறுக்கிறார்கள். அம்மாவாக ரோலண்ட்ஸ். இங்கே ஒரு சைகைகூட மிகை இல்லை. இவருக்கும் ஒன்றும் புரியவில்லை, ஆனால் புரிந்துகொண்ட பிறகு பரிந்து நிற்கலாம் என்று காத்திருக்கவில்லை. மேபலின் அப்பாவால் முடியாததை இந்த அம்மா செய்கிறார் என்று தோன்றியது. இரண்டையும் ஒரே நடிகை பதினோரு ஆண்டு இடைவெளியில் மேசையின் இரு பக்கங்களிலும் உட்கார்ந்து செய்திருக்கிறார்.

இனி 'தி நோட்புக்'. நண்பர் அனுப்பிய காட்சியை நான் திறந்தே பார்க்கவில்லை. கட்டுரைக்காகப் போன வாரம் படத்தை முழுசாகப் பார்த்தேன். இளம் காதலர்களின் பகுதி எனக்கு இனிப்பு ஜாஸ்தி. முதியோர் இல்லப் பகுதி வேறு. 2004இல் இதை இயக்கியவர் ரோலண்ட்ஸின் மகன் நிக் கசவெட்டிஸ். மறதி நோய் வந்த மூதாட்டியாக அம்மாவை நடிக்கச் செய்திருக்கிறார். மேபலின் மேசையில் உட்கார்ந்திருந்த அந்த நிஜ அம்மாவுக்கு அல்சைமர் நோய் வந்து, ரோலண்ட்ஸ் அதை அருகிலிருந்து பார்த்தவர். அதனால் இந்தப் பாத்திரம் கடினமாக இருந்ததென்று அப்போதே சொல்லியிருக்கிறார். இருபதாண்டுகள் கழித்து, இறப்பதற்கு ஏறத்தாழ இரண்டு மாதங்களுக்கு முன், தன் அம்மாவுக்கும் அதே நோய் வந்து ஐந்தாண்டுகள் ஆகின்றன என்று மகன் வெளியே சொன்னார்.

படத்தில் ஓர் இடம். மூதாட்டிக்குச் சில நிமிடங்கள் நினைவு திரும்புகிறது. கணவரை அடையாளம் கண்டு, அணைத்து, ஆடுகிறார்கள். பிறகு அது நழுவுகிறது. நழுவும் அந்தக் கணத்தில் ரோலண்ட்ஸ் கத்தத் தொடங்குவதற்கு முன் ஒரு நொடி இருக்கிறது. தன் தோளில் இருக்கும் கை யாருடையது, எதிரே இருக்கும் மனிதர் தன்னிடம் எதை எதிர்பார்க்கிறார், தான் எதைத் தாண்டிவிட்டோம் என்று தேடும் கண். ஸ்பகெட்டி மேசையில் பார்த்த அதே கண்தான், முப்பதாண்டுகள் மூத்துப்போய்.

நண்பருக்குப் பதில் எழுதினேன். "ஆமா, அந்தப் பாட்டிதான். அடுத்த மாசம் என் வீட்டுல படம் போடுறேன், வாங்க. ரெண்டரை மணி நேரம். தூங்கக்கூடாது."

"காமெடியா?" என்று கேட்டிருந்தார்.

சில இடங்களில் சிரிப்பு வரும் என்று எழுதினேன்.